சிலம்பும் எல்லைக்கோடும்

ஒரு காப்பியத்தை ஒரு மாநிலத்துக்குப் பட்டா எழுதிக் கொடுக்க முடியுமா? சிலப்பதிகாரம் பற்றித் தமிழறிஞர் எழுதியதையும் மலையாள அறிஞர் எழுதியதையும் அடுத்தடுத்து வைத்துப் படிக்கிற எவருக்கும் இந்தக் கேள்வி வரும். எல்லையோரத்தில் வாழ்கிற நமக்கு இது வெறும் இலக்கியக் கேள்வி அல்ல.

சிலம்பைத் தமிழரின் தேசியக் காப்பியம் என்று ஊர் ஊராகப் போய் முழங்கியவர் ம.பொ.சி. 1946இல் தமிழரசுக் கழகம் கண்டவர்; திருத்தணிக்கும் தேவிகுளம், பீர்மேட்டுக்கும் குரல் கொடுத்தவர். சோழ நாட்டில் பிறந்த பெண், பாண்டியன் தலைநகரில் நீதி கேட்டாள், சேர நாட்டில் தெய்வமானாள். ஆக மூன்று நாடும் ஒரே தமிழினம் என்பது இந்த வாசிப்பின் சாரம். அந்தப் பக்கமோ, இளங்கோ சேர நாட்டவர், செங்குட்டுவன் எங்கள் மன்னன், கொடுங்கல்லூர் பகவதியே கண்ணகி, ஆகவே சிலம்பு கேரளத்தின் ஆதி நூல் அப்படின்னு சொல்றாங்க. வஞ்சி கரூரா கொடுங்கல்லூரா என்ற வழக்கு இன்னும் தீரவில்லை.

இதில் கவனிக்க வேண்டியது ஒன்று. உ.வே.சா. சிலம்பைப் பதிப்பித்தது 1892இல். அதற்கு முன் அது பெரும்பாலும் ஏட்டுச் சுவடியில், சில புலவர் வீட்டில் இருந்த நூல். அச்சேறிய பிறகுதான் அது ஓர் இனத்தின் சொத்தாயிற்று. ஒருவரையொருவர் நேரில் பார்த்திராத மக்கள் தம்மை ஒரே தேசமாகக் கற்பனை செய்துகொள்ள அச்சு வழிசெய்தது என்று 1983இல் பெனடிக்ட் ஆண்டர்சன் எழுதினார். நம் கதையில் ஒரு விசேஷம்: அந்த ஒரே அச்சு நூல் இரண்டு இனத்துக்கும் ஒரே பாட்டனைக் கொடுத்து, பாகப்பிரிவினையையும் தொடங்கி வைத்தது.

பிரிவினை நடந்த விதத்தையும் பார்ப்போம். பாலக்காடு 1956 வரை சென்னை மாகாணத்து மலபாரில் இருந்தது. தேவிகுளமும் பீர்மேடும் திருவிதாங்கூரில் இருந்தன. மலையாளிகள் ஒரு தேசிய இனம் என்று வாதாடி ஈ.எம்.எஸ். 'கேரளம் மலையாளிகளின் தாய்நாடு' என்ற பொருள்பட 1948இல் நூலே எழுதினார். 1955இல் மாநில மறுசீரமைப்பு ஆணையம் அறிக்கை தந்தது. தோவாளை, அகஸ்தீஸ்வரம், கல்குளம், விளவங்கோடு நான்கும் செங்கோட்டையும் தமிழகத்துக்குப் போயின. தேவிகுளத்தில் தமிழ் பேசுவோரே அதிகம். ஆனாலும் தோட்டத் தொழிலாளர் நிலையாகத் தங்காதவர் என்ற வாதமும் பொருளாதாரக் காரணங்களும் மேலோங்கின. மொழிவழி மாநிலம் என்றார்கள். வேண்டாத இடத்தில் மொழியைக் கீழே வைத்துவிட்டார்கள். தேசிய அடையாளம் பூமியில் தானாக முளைப்பதில்லை, மனிதர் கூட்டிக் கழித்து எழுதுகிற கணக்கு என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டாம்.

இனி நூலுக்கு வருவோம். இரண்டு வாசிப்பும் காணாமல் விட்ட ஒரு செய்தி உண்டு. கோவலன் யார்? கைப்பொருள் இழந்து, மனைவியின் சிலம்பையே முதலாக வைத்து வெளியூரில் வியாபாரம் தொடங்கப் போன வணிகன். தொழில் தேடி மலை ஏறிய, கணவாய் கடந்த நம்ம முன்னோர் கதையும் இதுதானே! அவனுக்கும் கண்ணகிக்கும் வழித்துணை கவுந்தி என்ற சமணத் துறவி. மதுரைப் புறஞ்சேரியில் அடைக்கலம் கொடுத்தவள் மாதரி என்ற ஆயர்குலப் பெண். சிலம்போடு வந்த அந்நியன்மேல் பழி போட்டவன் உள்ளூர்ப் பொற்கொல்லன். விசாரிக்காமல் கொல்லச் சொன்னவன் தமிழ் மன்னன்தான்.

அப்படியானால் இந்தக் காப்பியம் கேட்கிற கேள்வி, "நீ எந்த இனம்?" என்பதல்ல, "வந்தவனுக்கு உன் ஊரில் நீதி உண்டா?" என்பதே. ஒரே மொழி பேசிய நாட்டிலேயே கோவலன் அந்நியனாகச் செத்தான். மொழி ஒன்றானால் நீதி தானே வந்துவிடும் என்று நம்புகிற தேசியத்துக்குச் சிலம்பு சாட்சி சொல்லாது. சமணன் என்ற பற்றினால் இதைச் சொல்லவில்லை. கதை அப்படித்தான் நடக்கிறது. செங்குட்டுவன் கோயில் எடுத்தபோது இலங்கைக் கயவாகுவும் வந்திருந்தான் என்று நூலே சொல்கிறது. கண்ணகி அன்றைக்கே எல்லை கடந்தவள்.

ம.பொ.சி.யைக் குறைத்துப் பேசுவது நோக்கமல்ல. அவர் முழங்கியிராவிட்டால் பாமரர் பலருக்குச் சிலம்பின் பெயரே தெரிந்திராது. ஆனால் அவர் வாசிப்பு கோட்டுக்கு அந்தப் பக்கம் இருப்பவருக்குப் பெருமை தரும். இந்தப் பக்கம் தங்கிவிட்ட நமக்கு வழி காட்டாது. இங்கே நம்மைப் 'பாண்டி' என்பார்கள். அங்கே போனால் 'மலையாளத்தான்' என்பார்கள்.

நமக்கு வழி காட்டுவது நீதியின் வாசிப்பு. தாய்மொழியில் தொடக்கக் கல்விக்கு அரசியல் சட்டம் 350அ பிரிவு வகை செய்கிறது. தமிழ்ச் சிறுபான்மையினர் அரசுக்குத் தமிழிலேயே எழுத 1969ஆம் ஆண்டுக் கேரள ஆட்சிமொழிச் சட்டம் இடம் தருகிறது. கண்ணகி சிலம்பை உடைத்துக் காட்டியதுபோல நாம் இவற்றை எடுத்துக் காட்டிக் கேட்க வேண்டும். கேட்பதற்குப் பிள்ளைங்களுக்கு முதலில் தமிழ் படிக்கத் தெரிய வேண்டுமே!

குமுளிக்கு மேலே மங்கலதேவி மலையில் கண்ணகி கோயில் யாருக்கு என்று இரு மாநிலமும் வழக்காடுகின்றன. ஆனாலும் சித்திரை முழுநிலவு அன்று இடுக்கி, தேனி இரு மாவட்ட நிர்வாகமும் கூடித்தான் விழா நடத்துகின்றன. இரு மொழியாரும் மலை ஏறுகிறார்கள். ஆண்டுக்கு ஒரு நாள் முடிவது மற்ற நாளிலும் முடியாதா என்பதை இரு பக்கத்து அறிஞர்களும் சிந்திக்க வேண்டும்.