சட்டம் என்னும் நூலும் அதன் குற்றங்களும்

நூலுக்கு நேரும் குற்றங்கள் பத்து என்று நன்னூலார் வகுத்துரைத்தமை தமிழாசிரியர் அனைவரும் அறிந்ததே. அக்குற்றங்களை இலக்கணத்துக்கும் இலக்கியத்துக்கும் மட்டுமே உரியனவாகக் கருதிப் பாடம் சொல்லி முடித்துவிடுவது வழக்கமாயிற்று. ஆனால் சட்டமும் ஒரு நூலே. அதற்கும் ஆசிரியர் உண்டு, சூத்திரம் உண்டு, உரையாசிரியரும் உண்டு. கவிதையில் ஒரு சொல் பிழைபட்டால் சுவை குன்றும். சட்டத்தில் ஒரு சொல் பிழைபட்டாலோ குடிமகனின் உரிமை குன்றும். ஆகவே இலக்கிய நூலினும் சட்ட நூலே கடுமையான திறனாய்வுக்கு உரியது.

இவ்வாறு ஆராயத்தக்க சட்டங்களுள் ஒன்று, இங்கிலாந்தில் 1994 நவம்பர் 3ஆம் நாள் அரசியாரின் இசைவு பெற்ற குற்றவியல் நீதி மற்றும் பொது ஒழுங்குச் சட்டம். அது எழுந்த காரணத்தை முதற்கண் நடுநிலையோடு நோக்குதல் வேண்டும். 1992 மே மாதம் ஊஸ்டர்ஷயர் மாவட்டத்துக் காசில்மார்ட்டன் பொதுவெளியில் 20,000க்கும் மேற்பட்ட இளைஞர்கள் திரண்டு, பல நாள் இரவு பகலாக ஒலிபெருக்கி வைத்து ஆடினர். அண்டை ஊரார் உறக்கமிழந்து அல்லற்பட்டது உண்மை. மறு ஆண்டு அக்டோபரில் கன்சர்வேடிவ் கட்சி மாநாட்டில், உள்துறை அமைச்சர் மைக்கேல் ஹவார்ட் குற்றங்களை ஒடுக்க 27 நடவடிக்கைகளை அறிவித்தார். அவற்றின் வழிவந்ததே இச்சட்டம். நோக்கத்தில் குறை காண்பதற்கில்லை. குறை சொல்லில் இருக்கிறது.

மாறுகொளக் கூறல்

கைதானவனிடம் போலீசார் விசாரணைக்குமுன் ஓர் எச்சரிக்கை சொல்வது ஆங்கில மரபு. விருப்பமில்லையேல் எதுவும் சொல்ல வேண்டியதில்லை. சொன்னால் அது சாட்சியமாகலாம் என்பதே பழைய எச்சரிக்கையின் கருத்து. அதில் மயக்கமில்லை. 1994ஆம் ஆண்டுச் சட்டத்தின் 34ஆம் பிரிவை ஒட்டி, 1995 ஏப்ரல் முதல் அது மாற்றப்பட்டது. எதுவும் சொல்ல வேண்டியதில்லை என்று தொடங்கும் புதிய எச்சரிக்கை, அடுத்து “ஆனால்” என்று திரும்புகிறது. பின்னர் நீதிமன்றத்தில் ஆதாரமாகக் கொள்ளப்போகும் ஒன்றை இப்பொழுதே சொல்லாவிடில், அஃது எதிர்வாதத்துக்குத் தீங்காகலாம் என்கிறது.

முன்வாக்கியம் கொடுத்த உரிமையைப் பின்வாக்கியம் பறித்துக்கொள்கிறது. நன்னூலார் மாறுகொளக் கூறல் என்றது இதனையே. பேசினாலும் தீங்கு, பேசாவிட்டாலும் தீங்கு என்று கேட்கிறவன், நள்ளிரவில், வழக்கறிஞர் பக்கத்தில் இல்லாத நிலையில், எதனைத் தேர்வான்? மௌனம் சம்மதம் என்பது பெண் கேட்கப் போகும் வீட்டில் செல்லும் பேச்சு. காவல் நிலையத்தில் செல்லத்தக்கதன்று. நிரபராதியும் அச்சத்தால் வாய் மூடுவான். உறவினன் ஒருவனைக் காக்க வாய் மூடுவான். கேட்ட கேள்வி விளங்காமலும் வாய் மூடுவான்.

இதில் பெரிய முரணொன்று உண்டு. பர்மிங்ஹாம் குண்டுவெடிப்பு வழக்கில் தண்டிக்கப்பட்ட அறுவர், 16 ஆண்டுகள் சிறையில் கழிந்தபின் 1991 மார்ச்சில் குற்றமற்றவர்களாக விடுவிக்கப்பட்டனர். அவர்களுட் சிலரிடம் பெற்ற ஒப்புதல் வாக்குமூலங்களே அவ்வழக்கின் தூண்களுள் ஒன்றாக இருந்தன. அவர்கள் விடுதலையான நாளிலேயே ஓர் அரச ஆணைக்குழு அறிவிக்கப்பட்டது. மௌன உரிமை போலீஸ் நிலையத்தில் குறைவுபடாமல் நிற்க வேண்டும் என்று அக்குழுவின் பெரும்பான்மையினர் 1993இல் பரிந்துரைத்தனர். மறு ஆண்டே பார்லிமெண்டு அதற்கு மாறாகச் சட்டம் செய்தது. பேசவைத்ததால் விளைந்த அநீதியை ஆராய்ந்தவர்கள் சொன்ன மருந்து ஒன்று. நாட்டுக்குக் கொடுக்கப்பட்ட மருந்து வேறொன்று.

சிங்கப்பூர் வாசகருக்கு இது முற்றிலும் புதிய செய்தியன்று. மௌனத்திலிருந்து பாதகமான முடிவு கொள்ளலாம் என்று 1972இல் இங்கிலாந்தில் ஒரு சட்டக்குழு கூறியபோது, அந்நாட்டில் கடும் எதிர்ப்பு எழுந்து அது கைவிடப்பட்டது. அந்தக் கருத்தையே சிங்கப்பூர் 1976இல் தன் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் சேர்த்துக்கொண்டது. அது அரசியலமைப்புக்கு முரணன்று என்று 1981இல் லண்டன் பிரிவி கவுன்சிலும் தீர்ப்பளித்தது. ஆக, கற்ற நாடு முன்னே நடக்க, கற்பித்த நாடு 18 ஆண்டு கழித்துப் பின்தொடர்ந்தது.

மௌனம் ஒன்றை மட்டுமே கொண்டு ஒருவனைத் தண்டிக்கலாகாது என்று 38ஆம் பிரிவு காப்பளிப்பதையும் மறைத்தல் கூடாது. வழக்கறிஞரைக் கலந்துகொள்ள வாய்ப்பளிக்காத நிலையில் ஒருவனுடைய மௌனத்தைப் பாதகமாகக் கொள்ளலாகாது என்ற திருத்தமும் 1999இல் வந்தது. அத்திருத்தத்துக்கு வழிவகுத்தது, ஐரோப்பிய மனித உரிமை நீதிமன்றம் 1996இல் மரே வழக்கில் அளித்த தீர்ப்பு.

எல்லை கடந்த இலக்கணம்

இரவு நேர இசைக்கூட்டங்களைக் கலைக்கும் அதிகாரம் தருவது 63ஆம் பிரிவு. திறந்தவெளியில் 100 பேருக்குக் குறையாமல் கூடி, ஊரார்க்குப் பெருந்துன்பம் தரும் அளவில் இரவில் ஒலிபெருக்கி வழி இசைப்பது அதன் இலக்கு. இம்மட்டோடு நின்றிருந்தால் குற்றமில்லை. சட்டமியற்றியோர் இசைக்கு இலக்கணமும் வகுக்கப் புகுந்தனர். திரும்பத் திரும்ப ஒலிக்கும் தட்டுகளின் தொடரைப் பெரும்பான்மையாகக் கொண்ட ஒலிகளும் இசையில் அடங்கும் என்றனர்.

இவ்விலக்கணத்தைத் தவில் வாசிப்பவரிடம் படித்துக் காட்டினால் நகைப்பார். தட்டுகள் மீண்டும் மீண்டும் வருவதற்குத்தானே தாளம் என்று பெயர்! பறைக்கும் உறுமிக்கும் பொருந்துவது, ராணுவ முரசுக்கும் பொருந்தும். குறித்த பொருளைத் தாண்டிப் பிறபொருளிலும் சென்று படரும் இலக்கணத்தைத் தருக்க நூலார் அதிவியாப்தி என்பர். “இது இசையே அன்று, வெறும் ஒலி” என்று எவரும் தப்பிவிடாதிருக்கவே அத்தொடர் சேர்க்கப்பட்டது என்று சட்டத்தின் சார்பில் கூறலாம். அதில் ஓரளவு நியாயமும் உண்டு. ஆயினும் கேடு ஒலியின் மிகுதியாலும் இரவின் பொழுதாலும் வருவதாயின், அவ்விரண்டைச் சொன்னாலே போதுமே. தட்டின் வகையைச் சொன்னது, ஒரு வகை இசையையும் அதனைக் கேட்கும் ஒரு தலைமுறையையும் சுட்டுவதாயிற்று. அவ்வாண்டே ஆட்டெக்கர் என்னும் மின்னிசை இரட்டையர், தட்டுகள் ஒன்றுபோல் திரும்பாதவாறு அமைத்த பாடலொன்றை வெளியிட்டு இவ்விலக்கணத்தை எள்ளினர்.

எல்லை கடந்த சொல் எண்ணிக்கையிலும் எல்லை கடந்தது. 2003இல் வந்த மற்றொரு சட்டத்தால் 100 என்பது 20 ஆகக் குறைக்கப்பட்டது.

குன்றக் கூறல்

மூன்றாவது, வேண்டிய சொல் இல்லாத குற்றம். ஒருவனை வழிமறித்துச் சோதிக்க வேண்டுமாயின், அவன்மீது தக்க சந்தேகம் இருத்தல் வேண்டும் என்பதே பொதுவிதி. 60ஆம் பிரிவோ, கடும் வன்முறை நிகழலாம் என்று கருதும் போலீஸ் அதிகாரி ஒரு வட்டாரத்தைக் குறித்துவிட்டால், 24 மணி நேரம்வரை அங்குள்ள எவரையும் ஆயுதத்துக்காகச் சோதிக்கலாம் என்கிறது. சந்தேகக் காரணம் இருப்பினும் இல்லாதிருப்பினும் சரியே. சந்தேகம் என்ற ஒரு சொல் நீங்கிய இடத்தில், காவலரின் கண்ணோட்டம் குடிபுகுந்தது. வெள்ளையரைவிடக் கறுப்பினத்தாரே இப்பிரிவின்கீழ்ப் பன்மடங்கு மிகுதியாகச் சோதிக்கப்படுவதை அந்நாட்டு அரசாங்கக் கணக்குகளே ஆண்டுதோறும் காட்டி வந்துள்ளன. கத்திக்குத்தால் இளைஞர் மாள்வதைத் தடுக்க இவ்வதிகாரம் தேவை என்று 2015இல் உச்ச நீதிமன்றம் இதனை ஏற்றது. தேவை மெய்யே. ஆயினும் ஒரே தெருவில் பலமுறை நிறுத்தப்படும் இளைஞனுக்குச் சட்டம் காவலாகத் தோன்றுமா, பகையாகத் தோன்றுமா என்பதும் பொது ஒழுங்கைச் சேர்ந்த கேள்வியே.

உரையாசிரியர் செய்த உதவி

சூத்திரம் பிழைபட்டவிடத்து நல்லுரையாசிரியர் கைகொடுப்பதுண்டு. அனுமதியற்ற கூட்டங்களைத் தடைசெய்யவும் இச்சட்டம் வகை செய்தது. 1995 ஜூன் முதல் நாள், ஸ்டோன்ஹெஞ்ச் அருகே சாலையோரத்தில் 20 பேர் அளவில் அமைதியாக நின்றனர். எவருக்கும் இடையூறில்லை. எனினும் இருவர் தண்டிக்கப்பட்டனர். வழக்குப் பிரபுக்கள் சபைவரை சென்றது. பொதுச்சாலை என்பது நடந்து போவதற்கு மட்டுமன்று, பிறர் வழியை அடைக்காமல் அமைதியாகக் கூடுவதும் அதன் நியாயமான பயனுள் அடங்கும் என்று 1999இல் தீர்ப்பாயிற்று.

அரிய உரைதான். ஆனால் அது வர நான்கு ஆண்டுகள் சென்றன. ஐந்து நீதிபதிகளுள் மூவர் ஒருபுறமும் இருவர் மறுபுறமும் நின்றனர். ஒருவர் மாறியிருந்தால் உரையும் மாறியிருக்கும். அத்தனை மெல்லிய நூலிலா குடிமக்களின் உரிமை தொங்குவது?

அகன்ற சொல்லைச் சட்டத்தில் வைப்பவர், தாம் நல்லவர் என்பதால் அது நன்றாகவே ஆளப்படும் என்று நம்புகின்றனர். ஆட்சி மாறும், ஆளும் கை மாறும், சொல் மட்டும் ஏட்டில் நின்றுவிடும். விளங்க வைத்தலை நூலின் அழகாக நன்னூலார் வைத்தார். சட்டத்துக்கோ அது வெறும் அழகன்று, உயிர். எந்தச் சொல் கூடிற்று, எந்தச் சொல் குறைந்தது, எந்த “ஆனால்” எதனைத் தின்றது என்று பார்க்கும் பழக்கத்தை மாணவருக்கு ஊட்டும் தமிழாசிரியர், இலக்கணத்தோடு குடியுரிமையையும் கற்பித்தவராவார்.