இல்லாத நூலுக்கு ஓர் அரபுப் புலவர்

கற்பனைக் கதைகளில் பழஞ்சுவடி ஒன்று இடம்பெறுவது புதிதன்று. நெடுங்காலம் மறைந்து கிடந்த ஏடு, அதனைத் தேடி அலைந்தோர், படித்தபின் அறிவு கலங்கியோர் என்றெல்லாம் எழுதிக் கதைக்குச் சுவை கூட்டுவர். ஆனால், அந்தச் சுவடியை எழுதியவர் ஓர் அரபுப் புலவர் என்று கதாசிரியர் கூறும்போது, நாம் சற்று நின்று நோக்குதல் கடமையாகிறது.

அமெரிக்க எழுத்தாளர் லவ்கிராஃப்ட் (1890–1937) புனைந்த 'நெக்ரோனோமிக்கான்' அத்தகைய சுவடியே. 1924-ஆம் ஆண்டு வெளிவந்த சிறுகதை ஒன்றில் அது முதன்முதலாகப் பெயர் பெற்றது. 1927-இல் அதற்கு ஒரு வரலாற்றையே அவர் எழுதினார். அவர் மறைந்த பின்னர், 1938-இல், அது அச்சேறியது. யமன் நாட்டு ஸன்ஆ நகரைச் சேர்ந்த அப்துல் அல்ஹஸ்ரத் என்னும் பித்துப் பிடித்த புலவர், உமையாக்கள் காலத்தில் 'அல் அஸீஃப்' என்ற பெயரில் அந்நூலை எழுதினாராம். பாலைவனத்தில் பத்தாண்டுகள் தனித்திருந்தாராம். கி.பி. 738-இல், திமிஷ்கில், பட்டப் பகலில், கண்ணுக்குப் புலப்படாத பூதம் ஒன்று அவரை விழுங்கிற்றாம்!

கதை என்ற அளவில் இதன் திறமையை மறுப்பதற்கில்லை. அந்நூலை ஆசிரியர் எங்கும் முழுமையாகக் காட்டுவதில்லை. அங்கொன்றும் இங்கொன்றுமாகச் சில பகுதிகளை மட்டும் காட்டி, எஞ்சியதை வாசகரின் அச்சத்திற்கே விட்டுவிடுகிறார். இந்த உத்தி எவ்வளவு வென்றதென்றால், நூல் எங்கே கிடைக்கும் என்று அவரிடமே கேட்டு எழுதினர். அது தம் கற்பனையே என்று அவர் ஒளிக்காமல் விடையெழுதினார். எனினும், அவர் காலத்திற்குப் பின், 1973-இலும் 1977-இலும் அப்பெயரைச் சார்ந்து போலி நூல்கள் வெளிவந்தன.

இனி, அடித்தளத்தை ஆராய்வோம். அப்துல் காதர், அப்துல் ரஹ்மான் என்று பிள்ளைகளுக்குப் பெயர் சூட்டும் நம் இல்லங்களில், 'அப்துல்' என்பது தனித்து நிற்கும் பெயரன்று என்பதைச் சிறுவரும் அறிவர். 'அப்து' என்றால் அடியான். அதனை அடுத்து இறைவனின் திருநாமம் வருதல் வேண்டும். 'அல்' என்னும் சுட்டு முன்னரே வந்துவிட்டபின் மீண்டும் ஓர் 'அல்' சேர்ப்பது அரபு இலக்கணம் அறியாதார் செயல். ஐந்து வயதில் 'ஆயிரத்தோர் இரவுகள்' படித்து மகிழ்ந்த காலத்தில் தமக்கு வாய்த்த விளையாட்டுப் பெயர் இது என்று லவ்கிராஃப்டே கூறியுள்ளார்.

புலவரின் முடிவுக்குச் சான்றாக அவர் காட்டுவது வரலாற்றறிஞர் இப்னு கல்லிகானை. பெருமக்கள் பலரின் வாழ்க்கைக் குறிப்புகளை அரிதின் தொகுத்த அப்பேரறிஞரை 12-ஆம் நூற்றாண்டினர் என்கிறார். அவரோ 1211-இல் பிறந்து 1282-இல் மறைந்தவர். 'அஸீஃப்' என்னும் சொல் உண்மையானதே. பாலையில் கேட்கும் ஜின்களின் ஓசையை அரபிகள் அவ்வாறு குறிப்பர். ஆனால், அதனையும் அவர் 'வாத்தெக்' என்னும் ஆங்கிலப் புதினத்தின் அடிக்குறிப்பிலிருந்தே எடுத்தார். தூண்களையுடைய இரம் நகரும் அவர் கதைகளில் வருகிறது. திருமறையின் 89-ஆம் அத்தியாயத்தில் இரம், செருக்குற்ற ஆது கூட்டத்தார் அழிந்ததை நினைவூட்டும் படிப்பினை. லவ்கிராஃப்டின் ஏட்டில் படிப்பினை போயிற்று. பயங்கரம் மட்டுமே எஞ்சிற்று.

இப்பிழைகள் கதையைக் கெடுக்கவில்லையே என்று ஒருவர் வினவலாம். உண்மை, கதை கெடவில்லை. கெட்டது வேறொன்று. அரபு எழுத்து என்றாலே அமானுஷ்யம் என்னும் எண்ணம், அரபியே அறியாத ஒருவர் கையால், உலகெங்கும் பரவிவிட்டது. பிற இனத்தார்பால் அவர் கொண்டிருந்த வெறுப்பு அவருடைய கடிதங்களில் வெளிப்படையாகவே உள்ளது. ஆகவே, இதனை வெறும் அறியாமை என்று தள்ளிவிட இயலவில்லை.

இதற்கு முன்னூறு ஆண்டுகளுக்கு முன்னரே, இன்னொரு பேராசிரியரும் இல்லாத அரபு ஏடு ஒன்றைப் படைத்தார். ஸ்பெயின் நாட்டு செர்வாந்தேஸ், 1605-இல் வெளியிட்ட 'டான் குவிக்ஸோட்'டில், தம் கதையின் மூல ஆசிரியர் ஸீதே ஹமேத்தே பெனெங்கேலி என்னும் அரபு வரலாற்றாளர் என்கிறார். தொலேதோ நகரக் கடைத்தெருவில் ஒரு சிறுவன் பழந்தாள்களை விற்க வருகிறான். அவற்றில் அரபு எழுத்துகள். படித்துச் சொல்ல முஸ்லிம் வழிவந்த மொரிஸ்கோ ஒருவர் கிடைக்கிறார். உலர்ந்த திராட்சையும் கோதுமையும் கூலியாகப் பெற்று, அவர் மொழிபெயர்த்துத் தருகிறார். அரபிகள் பொய்யர் என்று செர்வாந்தேஸும் இடையே குத்தத்தான் செய்கிறார். ஆயினும் அந்தப் பெனெங்கேலியை அவர் பூதமாக்கவில்லை. தம்மைப் போன்ற எழுத்தாளராகவே நடத்துகிறார். அல்ஜீரியாவில் ஐந்தாண்டுகள் சிறைப்பட்டிருந்தவர் அவர். முஸ்லிம்களை நேரில் கண்டவர். அரபு மொழியைத் தடைசெய்த 1567-ஆம் ஆண்டு ஆணை, 1609-இல் தொடங்கிய மொரிஸ்கோ வெளியேற்றம் ஆகிய இரண்டிற்கும் இடைப்பட்ட காலத்தில், அரபு ஏட்டைக் கதையின் மூலமாக வைத்தது சிறு செயலன்று.

கற்பனை இவ்வாறிருக்க, உண்மை எவ்வாறிருந்தது? 1884-இல், அல்மொனாஸித் என்னும் ஸ்பானிய ஊரில் ஒரு பழைய வீட்டை இடித்தபோது, போலித் தளத்தின் அடியில் ஒளித்துவைத்த சுவடிகள் வெளிப்பட்டன. சில அழிந்தன, பல காக்கப்பட்டன. அவற்றுள் பல, ஸ்பானிய மொழியை அரபு எழுத்தில் எழுதியவை. நம் முன்னோரின் அரபுத்தமிழுக்கு அவை உடன்பிறப்பு எனலாம். அவற்றில் பூதமில்லை, மந்திரக் கொடுமையில்லை. தொழுகை முறைகளும், துஆக்களும், நபிமார்களின் வரலாறுகளும் இருந்தன. பிள்ளைகள் மார்க்கத்தை மறந்துவிடலாகாதே என்ற கவலையோடு, அஞ்சி அஞ்சி ஒளித்துவைத்த ஏடுகள் அவை.

இல்லாத சுவடிக்கு உலகெங்கும் வாசகர் இருக்கின்றனர். இருக்கின்ற அரபுத்தமிழ் ஏடுகளோ, இன்னது எழுதியிருக்கிறது என்று அறிவாரின்றி நம் வீட்டுப் பரண்களில் பூச்சிக்கு இரையாகின்றன. லவ்கிராஃப்டைக் குறை கூறுதல் எளிது. பாட்டனார் விட்டுச் சென்ற கிதாபை இறக்கித் தூசி தட்டி, படிக்கத் தெரிந்த பெரியவர் ஒருவரிடம் கொண்டுசெல்வதே அவருக்கு நாம் அளிக்கத்தக்க மறுமொழி.