பறம்பும் கபிலரும்

கபிலர் பறம்பு நாட்டினர் அல்லர். பாண்டி நாட்டுத் திருவாதவூரில் அந்தணர் குலத்திற் பிறந்தவரென்பது மரபு. பாரியின் முந்நூறு மலையூர்களுக்கு அவர் புறத்தவரே. ஆகலின், அவர் பறம்பைப் பாடியது பரிசில் கருதிய புலமைத் தொழிலேயென்பார் உளர். 1894ஆம் ஆண்டில் டாக்டர் உ. வே. சாமிநாதையரவர்கள் பதிப்பித்தளித்த புறநானூற்றினை ஊன்றிக் கற்பார்க்கு அக்கூற்று அமைவுடைத்தன்று.

மூவேந்தரும் பறம்பை முற்றுகையிட்ட ஞான்று, முந்நூறூரும் பரிசிலர் பெற்றுவிட்டனர், எஞ்சியிருப்போர் யாமும் பாரியுமே என்கின்றார் கபிலர். கொடுத்தபின் எஞ்சிய பொருளாகத் தம்மையும் எண்ணுதல் பரிசிலர்க்கு இயல்பன்று. உழவர் உழாமலே அம்மலை தரும் மூங்கில்நெல், பலா, வள்ளிக்கிழங்கு, தேன் என்னும் நான்கனையும் பகைவர்க்கு அவர் எண்ணிக்காட்டுவதும் விருந்தினன் கூற்றாகாது. அங்கு உண்டு வாழ்ந்தவன் கூற்றேயாம்.

பாரி மாய்ந்தபின் அவன் மகளிருடன் பறம்பை நீங்கும் செய்யுள் இன்னும் நுண்ணியது. கட்சாடி திறந்ததனையும் ஆட்டுக்கிடாய் வீழ்த்ததனையும் அந்தணராகிய அவர் சிறிதும் கூசாது நினைவு கூர்கின்றார். முன்பு எம்மொடு நட்புச் செய்தனை என்று அவர் விளிப்பது அரசனையன்று, மலையையே! தொலைவூர்ப் பாடசாலையிற் பல்லாண்டு கற்பித்து மாற்றலாகி வந்த ஆசிரியர்க்கு இவ்விளியின் பொருள் உரையின்றியே விளங்கும்.

ஆயினும், அவ்வுரிமை முழுமை எய்திற்றோ? உடன்வரவிடாது 'இருக்க' என்று தடுத்தனையே, நம் நட்பிற்கு இது தகுமோ எனப் பாரியை அவர் புலந்துரைக்கும் பாட்டு நம்மை ஐயுறச் செய்கின்றது. அனைத்தையும் வழங்கியவன் தன்னோடு இறக்கும் உரிமையை மட்டும் வழங்கினானல்லன். இதனைக் கையறுநிலையென்று துறை வகுத்து அமைவார் அப்பாட்டிலுள்ள சினத்தைக் காணத் தவறுவர் என்பது எம் கருத்து.

விச்சிக்கோன்முன் தம்மைப் பரிசிலன், அந்தணன் என்றே அறிமுகஞ் செய்தவர், இருங்கோவேளிடம் யான் இவர் தந்தையின் தோழன், ஆதலின் இவர் என் மகளிர் என்கின்றார். நிலமும் நண்பனும் போயபின் எஞ்சிய உறவு அஃதொன்றே. அம்மகளிர்க்கு மணம் முடிந்தபின் அவர் வடக்கிருந்தார் என்னும் பாடற்குறிப்பு. தீப்புக்கார் என்னும் முதலாம் இராசராசன் காலத்துத் திருக்கோவலூர்க் கல்வெட்டு. அவர் பெயரால் கபிலக்கல் என வழங்கும் பாறை நிற்பது பறம்பிலன்று, பெண்ணையாற்றிலேயாம்.