மைதானம் கொடுத்த முகம்

சி. ஆப்ரி ஸ்மித் பந்து வீச நேராக ஓடி வரமாட்டார். மிட்-ஆஃப் பக்கமிருந்து வளைந்து வருவார். மட்டையாளருக்கு, ஆள் திடீரென்று முளைத்ததுபோல் இருக்கும். அதனாலேயே அவருக்கு 'முக்குத் திரும்பும் ஸ்மித்' என்று பட்டப்பெயர். 1889 மார்ச்சில் போர்ட் எலிசபெத்தில் தென்னாப்பிரிக்காவுக்கு எதிராக இங்கிலாந்துக்குத் தலைமை தாங்கி, முதல் இன்னிங்ஸில் 19 ரன் கொடுத்து 5 விக்கெட் எடுத்தார். அவர் ஆடிய முதல் டெஸ்டும் கடைசி டெஸ்டும் அதுதான். பிறகு ஜோகன்னஸ்பர்க்கில் தங்கிப் பங்குத் தரகு செய்தார். அங்கே நோயில் விழுந்தபோது இறந்துவிட்டதாகவே செய்தி பரவியது. பிழைத்து லண்டன் திரும்பியவர் நாடக மேடை ஏறினார்.

மைதானத்திலிருந்து மேடைக்கு இவ்வளவு எளிதாக எப்படி வரமுடிந்தது? திறமை மட்டும் காரணமல்ல. ஸ்மித் கேம்பிரிட்ஜில் படித்தவர், சசெக்ஸ் அணித் தலைவர். அக்கால ஆங்கிலக் கிரிக்கெட்டில், ஆடுவதற்குச் சம்பளம் வாங்காதவர் 'ஜென்டில்மேன்', வாங்குபவர் 'பிளேயர்'. 1962இல் ஒழிக்கப்படும்வரை இந்தப் பிரிவினை ஆட்டத்தின் உள்ளேயே இருந்தது. ஜென்டில்மேனுக்கு விளையாட்டு பிழைப்பு அல்ல. பிழைப்பை வேறெங்கும் தேடிக்கொள்ளலாம். ஸ்மித்தோடு அவருடைய நிமிர்ந்த முதுகும் கட்டளையிடும் குரலும் மேடைக்கு வந்தன. பின்னாளில் ஹாலிவுட் விலைகொடுத்து வாங்கியது அவற்றைத்தான். அடர்ந்த புருவமும் பெரிய மீசையுமாக, படத்துக்குப் படம் கர்னலாகவும் பிரபுவாகவும் வந்தார். 'தி பிரிசனர் ஆஃப் ஜெண்டா'வை 1896இல் லண்டன் மேடையில் நடித்தவர், 1937 திரைப்படத்தில் கர்னல் ஜாப்டாக மறுபடி வந்தார். இடையில், 1932இல், ஹாலிவுட் கிரிக்கெட் கிளப்பைத் தொடங்கினார். திரையில் பூதமாக மிரட்டிய போரிஸ் கார்லாஃபும் எழுத்தாளர் பி. ஜி. வோட்ஹவுஸும் அதில் சேர்ந்தார்கள்.

விளையாட்டிலிருந்து திரைக்குப் போன பிரிட்டிஷ்காரர்களைத் தொடர்ந்து பார்க்கும்போது எனக்கு ஒன்று உறுதியாகிறது: மைதானத்தில் ஒருவருக்கு இருந்த வர்க்கம் அவரோடே திரைக்கும் போகிறது.

பார்ன்ஸ்லியில் வளர்ந்த பிரையன் குளோவர் பகலில் பள்ளி ஆசிரியர். மாலையில் 'பாரிஸ்காரர் லியோன் அராஸ்' என்ற பெயரில் மல்யுத்த வளையத்தில் இறங்குவார். கென் லோச் இயக்கிய 'கெஸ்' (1969) படத்தில் அவருக்குக் கிடைத்தது உடற்பயிற்சி ஆசிரியர் வேடம். சிறுவர்களோடு கால்பந்து ஆடும் அந்த ஆள் தன்னையே நட்சத்திர வீரர் பாபி சார்ல்டனாக எண்ணிக்கொண்டு அவர்களை முட்டித் தள்ளுகிறார். வளையத்தில் கூட்டத்தைச் சீண்டிப் பழகிய உடம்பு அந்தக் காட்சி முழுக்கத் தெரிகிறது.

கால்பந்து வீரர் வின்னி ஜோன்ஸின் கதை இன்னும் கடுமையானது. செங்கல் சுமந்தவர், 1988இல் லிவர்பூலை வென்று எஃப்.ஏ. கோப்பையைத் தூக்கிய விம்பிள்டன் அணிக்காரர். 1992இல் செல்சிக்காக ஆடியபோது, ஆட்டம் தொடங்கிய மூன்றாவது நொடியிலேயே மஞ்சள் அட்டை வாங்கினார். பத்திரிகைகள் செதுக்கிவைத்த அந்த முரட்டு உருவத்தை 'லாக், ஸ்டாக் அண்ட் டூ ஸ்மோக்கிங் பேரல்ஸ்' (1998) அப்படியே எடுத்துக்கொண்டது. ஆனால் அந்தப் படத்தின் கடன் வசூலிக்கும் அடியாள், சின்ன மகனைக் கூடவே அழைத்துப் போகிறான். பையன் முன்னால் யாரும் கெட்ட வார்த்தை பேசக்கூடாது என்கிறான். ஜோன்ஸ் அதை மிகையின்றிச் செய்கிறார். அவரை நடிகராக மதிக்க எனக்கு அது போதும். பின்னால் வந்த படங்கள் பலவும் அவரிடம் கைமுட்டியை மட்டுமே கேட்டன.

ஜோன்ஸ் பாடவும் செய்தார். 2002இல் சோல், புளூஸ் பாட்டுகளைப் பாடி ஓர் ஆல்பம் வெளியிட்டார். 2019இல் பிரபலங்களுக்கான 'எக்ஸ் ஃபேக்டர்' மேடையிலும் நின்றார். பெரிய குரல் என்று சொல்லமாட்டேன். ஆனால் நடிப்பில் அவருக்குக் கிடைக்காத ஒன்று பாட்டில் கிடைத்தது. அங்கே அவர் யாரையும் மிரட்ட வேண்டியதில்லை.

ஸ்மித்துக்கும் அது ஒருமுறை வாய்த்தது. ரூபன் மமூலியன் இயக்கிய 'லவ் மீ டுநைட்' (1932) படத்தில் அவர் மாளிகைக்குச் சொந்தக்காரரான டியூக். முதல்நாள் மோரிஸ் ஷெவாலியே பாடிய 'மிமி' மறுநாள் காலை மாளிகையில் ஒவ்வொருவர் வாயிலும் தொற்றிக்கொள்கிறது. எழுபதை நெருங்கிய அந்தப் பழைய இங்கிலாந்து கேப்டனும், கர்னலின் விறைப்பையெல்லாம் மறந்து, ஒரு பெண்ணின் பெயரைச் சொல்லிச் சொல்லிப் பாடுகிறார்.