வெட்டி ஒட்டியவரின் பெயர்

1963 நவம்பர் 23 அன்று பிபிசி தொலைக்காட்சியில் 'டாக்டர் ஹூ' தொடர் தொடங்கியது. அதன் முகப்பு இசைக்கு ஒலிவடிவம் தந்தவர் டெலியா டார்பிஷர். திரையில் வந்தவையோ இசையமைப்பாளர் ரான் கிரெய்னரின் பெயரும், டெலியா வேலை பார்த்த ரேடியோஃபோனிக் ஒர்க்‌ஷாப் என்ற பிரிவின் பெயரும் மட்டுமே.

கிரெய்னர் மெட்டை எழுதித் தந்தார். சின்தசைசர்கள் கடைக்கு வராத காலம் அது. மீட்டிய ஒற்றைத் தந்தியின் ஓசை, ஆசிலேட்டரின் ஒலி, வெறும் இரைச்சல் ஆகியவற்றை டெலியா ஒலிநாடாவில் பதிந்தார். நாடாவின் வேகத்தை மாற்றிச் சுருதி சேர்த்தார். ஒவ்வொரு சுரத்துக்கும் நீளம் அளந்து, பிளேடால் வெட்டி ஒட்டினார். டிக் மில்ஸ் உடனிருந்து உதவினார். பல நாடாக்களைத் தனித்தனி இயந்திரங்களில் ஒரே சமயம் ஓடவிட்டுக் கலந்தார்கள். கேட்ட கிரெய்னர், இதை நானா எழுதினேன் என்று வியந்ததாகச் சொல்வார்கள். உரிமைத்தொகையில் பாதியை டெலியாவுக்குத் தரவும் அவர் முன்வந்தார். பிரிவின் ஊழியர்கள் பெயரற்று இருக்க வேண்டும் என்ற நிறுவனத்தின் கொள்கை அதைத் தடுத்தது.

ஆகவே, ஓர் ஆண் ஒரு பெண்ணின் படைப்பைத் திருடிய கதையாக இதைச் சுருக்க முடியாது. அந்தக் கொள்கை ஆண் ஊழியர்களையும் கட்டுப்படுத்தியது. அப்படியானால் பெண்ணியத்துக்கு இங்கே என்ன வேலை?

விதி எல்லோருக்கும் ஒன்றுதான். அதன் கீழ் வந்து சேரும் வழி ஒன்றல்ல. கேம்பிரிட்ஜில் கணிதமும் இசையும் படித்த டெலியா 1959இல் டெக்கா நிறுவனத்தில் வேலை கேட்டார். ஒலிப்பதிவுக் கூடத்தில் பெண்களை வைத்துக்கொள்வதில்லை என்று பதில் வந்தது. இசைத்தட்டு உலகின் கதவு மூடியிருந்தபோது, அவருக்குத் திறந்த கதவு பெயரில்லாத ஊழியத்துக்கானது.

இன்னொன்று, சொற்களின் அரசியல். மெட்டை எழுதினால் அது படைப்பு; அதற்கு ஒலியும் உடலும் தந்தால் அது தொழில்நுட்ப உதவி. இந்தப் பிரிவினை பெண்களுக்குப் புதிதல்ல. கையால் செய்வதை மூளையால் செய்வதற்குக் கீழே வைக்கும் அதே பழைய கணக்குதான். அளந்து வெட்டிய ஒவ்வொரு நாடாத் துண்டிலும் இசை பற்றிய ஒரு முடிவு இருந்ததை அந்தக் கணக்கு பார்ப்பதில்லை.

டெலியா 2001இல் இறந்தார். அவர் வீட்டுப் பரணிலிருந்து 267 நாடாக்கள் கிடைத்தன. 2013இல், தொடரின் ஐம்பதாம் ஆண்டுச் சிறப்புப் படத்தில்தான் திரையில் அவர் பெயர் வந்தது. இன்று அவரை 'மறக்கப்பட்ட மேதை' என்று கொண்டாடுகிறார்கள். அந்தப் பட்டம் நிறுவனங்களுக்கு வசதியானது. மேதைக்கு ஒரு விழா போதும். உழைத்தவருக்குப் பங்கு தர வேண்டும். மறந்துபோனதாகச் சொன்னால், பெயரை விலக்கிவைத்த விதியைப் பற்றிப் பேச வேண்டியதில்லை.

படம் முடிந்து பெயர்கள் ஓடும்போது எழுந்துவிடாமல் பாருங்கள். ஒலி, பின்னணி, உதவி என்ற சொற்களுக்கு எதிரே யார் இருக்கிறார்கள், உரிமைத்தொகை எந்த வரியோடு நின்றுவிடுகிறது என்று கேளுங்கள். டெலியாவைப் படிப்பதன் பயன் அந்தக் கேள்வியில் இருக்கிறது.