ஐவருக்கு எதிரில் ஒருவன்

மேஜையைச் சுற்றி நாலைந்து பேர் உட்கார்ந்து வாயால் ஆடும் கதை ஆட்டங்களைப் பற்றி இங்கே எழுதுவதற்குச் சமாதானம் சொல்லும் உத்தேசம் எனக்கு இல்லை. நாடகம் பற்றிப் பேசுகிறோம். சினிமா பற்றி வேண்டியதற்கு மேலேயே பேசுகிறோம். பார்வையாளன் என்று தனியே ஒருவன் இல்லாத, ஆடுகிறவர்களே கேட்கிறவர்களாகவும் இருக்கிற ஒரு கதைவடிவம் ஐம்பது வருஷமாக இருந்து வருகிறது. 1974ல் அமெரிக்காவில் கேரி கைகாக்ஸ், டேவ் ஆர்னசன் என்ற இருவர் உருவாக்கி வெளியிட்ட ‘டஞ்சன்ஸ் அண்ட் டிராகன்ஸ்’ இதற்கு மூலம். ஒருவர் கதையை நடத்துகிறார். மற்றவர்களுக்கு ஆளுக்கொரு பாத்திரம். ‘வாளை ஓங்குகிறேன்’ என்று ஒருவர் சொன்னால் இருபது முகப் பகடையை உருட்ட வேண்டும். வெட்டு பட்டதா, காற்றில் போனதா என்று விழுந்த எண் சொல்லும். நடத்துகிறவரை நம் கூத்தின் கட்டியக்காரனோடு ஒப்பிடலாம். அவன் கதைக்குள்ளும் நிற்பான், வெளியிலும் நிற்பான். ராஜாவுக்குப் பதில் சொல்லிக்கொண்டே ஜனங்களிடமும் பேசுவான். இங்கே ராட்சஸ வேஷத்தையும் அவனேதான் கட்டவேண்டும் என்பது ஒன்றே வித்தியாசம்.

அந்த ராட்சஸ வேஷம்தான் என் விஷயம். கதையின் உச்சத்தில் ஒரு பெரிய எதிரி, அவனுக்கு எதிரில் நாலைந்து பேர். ஆட்டக்காரர்கள் அவனை ‘பாஸ்’ என்கிறார்கள். (வங்கியில் உத்தியோகம் பார்க்கிறவனுக்கு இந்தச் சொல் தருகிற சந்தோஷத்தை விளக்கவேண்டியதில்லை.) இந்தச் சண்டையை எப்படி நடத்தினால் அது சண்டையாக இருக்கும்?

போன வருஷம் வெளியூர் ஒன்றில் இப்படி ஒரு சண்டையைப் பக்கத்தில் உட்கார்ந்து பார்த்தேன். எதிரி, வளர்ந்த சிவப்பு டிராகன். விதிப்புத்தகம் அதற்குத் தருகிற உயிர்ப்புள்ளிகள் 256. ஒருவர் பதினான்கு கழித்தார், அடுத்தவர் ஒன்பது கழித்தார். இரண்டரை மணி நேரம் லெட்ஜரில் பற்று எழுதியதைப் போல நடந்தது. கடைசியில் ஒரு பெண்ணின் பாத்திரம் சாகவேண்டிய நிலைமை. நடத்தியவர் தன் முன்னால் நிறுத்தியிருந்த அட்டைத் திரைக்குப் பின்னால் பகடையை உருட்டினார், குனிந்து பார்த்தார், ஒரு கணம் யோசித்தார், ‘தப்பித்தாய்’ என்றார். எல்லோரும் கைதட்டினார்கள். அந்த ஒரு கணத்து யோசனையை எல்லோரும் கவனித்திருந்தார்கள். பகடைக்கு யோசனை ஏது?

எண்ணை ஏற்றினால் எதிரி பெரியவனாகிவிடுவான் என்ற நம்பிக்கை நம் நாவல்களிலும் உண்டு. மிராசுதாருக்கு மீசையைப் பெரிதாக்குவார்கள், கூட நாலு பண்ணையாட்களைக் கொடுப்பார்கள், முந்நூறு பக்கம் அட்டூழியம் செய்யவிடுவார்கள். அவன் விழும்போது வாசகனுக்கு ஆயாசம்தான் மிஞ்சும்.

பிரச்னை பலத்தில் இல்லை, முறையில் இருக்கிறது. ஒரு சுற்றில் ஐந்து பேர் ஐந்து காரியம் செய்கிறார்கள். அவன் ஒன்று செய்கிறான். இந்தக் கணக்கில் எப்பேர்ப்பட்டவனும் மூலையில் நின்று அடி வாங்குகிறவனாகிவிடுவான். விதி எழுதியவர்களுக்கும் இது தெரிந்திருக்கிறது. 2008ல் வந்த நான்காம் பதிப்பில், தனியாகவே ஐந்து பேருக்குச் சமமான எதிரி என்று ஒரு வகையை ஏற்படுத்தினார்கள். பெரும்பாலும் அது புள்ளிகளை ஏற்றுவதில்தான் போய் நின்றது. 2014ல் வந்த ஐந்தாம் பதிப்பில் கொஞ்சம் புத்தி வந்தது. மற்றவர்களின் முறை முடிகிற இடங்களில் குறுக்கே புகுந்து, ஒரு சுற்றுக்கு மூன்று வரை, எதிரி காரியம் செய்யலாம். அவன் குகையே அவன் சார்பில் தனியாக ஒரு காரியம் செய்யும். அதாவது அவனுக்கு நேரம் கொடுத்தார்கள், இடம் கொடுத்தார்கள்.

நேரமும் இடமும் கொடுப்பது எப்படி என்று தெரிந்துகொள்ள நான் அமெரிக்கா வரை போகவேண்டியதில்லை. கள்ளக்குறிச்சியைச் சுற்றியுள்ள ஊர்களிலும், விழுப்புரம், திருவண்ணாமலைப் பக்கத்திலும் திரௌபதி அம்மன் கோயில் திருவிழாவின் கடைசியில் ‘பதினெட்டாம் போர்’ விடியவிடிய ஆடுகிறார்கள். அந்த ராத்திரி துரியோதனனுடையது. திரைக்குப் பின்னால் நின்று பாடி, கிரீடத்தின் நுனியைக் காட்டி மறைத்து, பிறகு திரையை விலக்கிக்கொண்டு வெளியே வருகிறான். பீமனுக்குக் கிடைக்காத அவகாசம் அவனுக்குக் கிடைக்கிறது. தம்பிகள் செத்தாயிற்று, கர்ணன் செத்தாயிற்று. அதையெல்லாம் அவன் பாடித் தீர்க்கவேண்டும். புஜத்திலும் தலையிலும் மரக்கட்டை அணிகளைச் சுமந்து ராத்திரி முழுக்க ஆடியவன் விடியற்காலையில் படுகளத்துக்கு வரும்போது காலில் தெரிகிற தளர்ச்சி நடிப்பில்லை. அங்கே அவன் உருவத்தையே பல ஆள் நீளத்துக்கு மண்ணால் செய்து மல்லாக்கப் படுக்க வைத்திருப்பார்கள். அதைச் சுற்றி இருவரும் ஓடுகிறார்கள். பீமன் தொடையில் அடிக்கிறான். தொடைக்குள் வைத்த செந்நீர் பீறுகிறது. திரௌபதி கூந்தலை முடிக்கிறாள். ஜெயித்தது தங்கள் அம்மன் என்று தெரிந்தே வந்த பெண்களில் சிலர் அந்த நேரத்தில் அழுவதை நான் பார்த்திருக்கிறேன்.

இதில் உருவம் மட்டும் விசேஷமில்லை. ஐவருக்கு எதிரில் ஒருவன் என்ற கணக்கையே வியாசர் சல்ய பருவத்தில் நேருக்கு நேர் எதிர்கொள்கிறார். மடுவுக்குள் ஒளிந்திருக்கும் துரியோதனன், நான் ஒருவன், நீங்கள் பலர், ஒவ்வொருவராக வாருங்கள் என்கிறான். தர்மன் அதற்கும் மேலே போய், எங்களில் ஒருவனை ஜெயித்தால் ராஜ்யம் உனக்கு என்று சொல்லிவிடுகிறான். கிருஷ்ணனுக்குக் கோபம் வருகிறது. மறுபடியும் சூதாடுகிறாயா, அவன் நகுலனைத் தேர்ந்தெடுத்தால் என்ன செய்வாய் என்று கேட்கிறான். பீமனைப் போல இரும்பில் ஓர் உருவம் செய்து பதின்மூன்று வருஷம் கதை பழகியவன் துரியோதனன். நியாயமாக நடந்தால் பீமன் ஜெயிக்கமாட்டான் என்பதும் கிருஷ்ணனுக்குத் தெரியும். அர்ஜுனன் தன் தொடையைத் தட்டிக் காட்டுகிறான்.

அட்டைத் திரைக்குப் பின்னால் அந்த மனிதர் செய்ததும் கிருஷ்ணன் செய்ததும் ஒன்றுதானே என்று கேட்கலாம். ஒன்றில்லை. நாபிக்குக் கீழே அடிக்கக் கூடாது என்ற விதி எல்லோருக்கும் தெரியும், அது முறிவதை எல்லோரும் பார்க்கிறார்கள். பலராமன் கலப்பையைத் தூக்கிக்கொண்டு பாய்கிறான். விழுந்து கிடக்கிறவன் மேல் வானத்திலிருந்து பூ விழுகிறது. அன்று ராத்திரியே அசுவத்தாமன் பாசறைக்குள் புகுந்து திரௌபதியின் ஐந்து பிள்ளைகளையும் கொல்கிறான். அடியின் விலை முழுக்க வசூலாகிறது. அட்டைத் திரைக்குப் பின்னால் திருப்பி வைத்த பகடைக்கு விலையே கிடையாது. அதனால் அந்தப் பெண்ணின் பாத்திரம் பிழைத்ததற்கும் அர்த்தம் கிடையாது.

கூத்தில் முடிவு எல்லோருக்கும் தெரியும், மேஜையில் யாருக்கும் தெரியாது. இரண்டுமே கௌரவமான ஏற்பாடுகள். நடத்துகிறவருக்கு மட்டும் தெரிந்த முடிவு என்பது மூன்றாவது ஏற்பாடு. அது மற்றவர்களைக் குழந்தைகளாக்குகிறது. சந்தோஷத்துக்காக ஆடுவதில் இவ்வளவு கண்டிப்பு எதற்கு என்கிறார்கள். நம் சிறுபத்திரிகை மதிப்புரைகளைப் பற்றியும் இதையேதான் சொல்கிறார்கள். சிநேகிதனின் கவிதைத் தொகுதி, முதல் தொகுதி, பாவம் என்று நாமும் குனிந்து பார்த்து, ஒரு கணம் யோசித்து, ‘தப்பித்தாய்’ என்று எழுதுகிறோம். படிக்கிற நாற்பது பேரும் அந்த யோசனையைக் கவனித்துவிடுகிறார்கள்.

இவ்வளவு சொன்னவன் என் மேஜையைப் பற்றியும் சொல்லவேண்டும். ஞாயிற்றுக்கிழமைகளில் கள்ளக்குறிச்சியில் ஒரு மாடியறையில் ஆடுகிறோம். மருந்துக்கடைக்காரர் ஒருவர், பள்ளி ஆசிரியர் ஒருவர், மின்வாரிய ஊழியர் ஒருவர், ஒரு கல்லூரி மாணவி, என் கவுண்ட்டருக்குப் பக்கத்துக் கவுண்ட்டர்க்காரர். ஐந்து பேர். எதிரியாக ஒரு பூதத்தைக் கல்வராயன் மலையில், கோமுகிக்கு நீர் வருகிற சரிவில், ஒரு மடுவுக்குள் வைத்தேன். துரியோதனனுக்கு நான் பட்ட கடன் அது. உயிர்ப்புள்ளிகள் எழுபதுதான். ஆனால் ஒவ்வொருவர் முறை முடிந்ததும் தண்ணீர் ஒரு சாண் ஏறும். பூதம் பேசும். ‘ஒருவரை விட்டுவிட்டுப் போங்கள், மற்றவர்களுக்குக் கரையேற வழி தருகிறேன்’ என்று அது சொன்னதும் ஐவரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்ட அந்த நிமிஷத்தை எந்தப் புள்ளிக்கணக்கும் தந்திருக்காது. பகடை மேஜைமேல், எல்லோர் கண்ணுக்கும் முன்னால் விழுந்தது. மூன்றாவது சுற்றில் மருந்துக்கடைக்காரரின் பாத்திரம் மூழ்கிச் செத்தது. எட்டு மாசம் ஆடி வளர்த்த பாத்திரம். நான் ஒன்றும் செய்யவில்லை. அவர் எழுந்து போய்த் தண்ணீர் குடித்துவிட்டு வந்து உட்கார்ந்தார்.

பூதத்துக்கும் ஒரு தொடை வைத்திருந்தேன். மடுவின் கரையை உடைத்தால் தண்ணீர் வடியும், பூதம் துவண்டு விழும். அந்தத் தண்ணீர்தான் கீழூருக்குக் கோடையில் குடிநீர் என்பதையும் ஆட்டத்தின் ஆரம்பத்திலேயே கீழூர்க் கிழவி வாயால் சொல்லியிருந்தேன். ஒளிவுமறைவு இல்லை. நாற்பது நிமிஷம் விவாதித்தார்கள். ஆசிரியர் கூடாது என்றார். பாத்திரம் செத்துப்போனதால் பேச உரிமையில்லாத மருந்துக்கடைக்காரர் பேசினார், அவரை யாரும் தடுக்கவில்லை. மாணவி கரையை உடைத்தாள்.

கீழூர்க்காரர்கள் மேலே ஏறி வந்துகொண்டிருக்கிறார்கள் என்ற இடத்தில் நிறுத்தியிருக்கிறேன். வருகிற ஞாயிற்றுக்கிழமை முதலில் பேசப்போவது அந்தக் கிழவிதான். அவளுக்கு எத்தனை உயிர்ப்புள்ளிகள் என்று மின்வாரியக்காரர் இப்போதே கேட்டுக்கொண்டிருக்கிறார்.