அன்னக்கிளி இசைத்தட்டும் வள்ளைப்பாட்டு மரபும்

1976ஆம் ஆண்டு வெளிவந்த 'அன்னக்கிளி' திரைப்படத்தின் பாடல்கள் இசைத்தட்டின் வழியே பரவிய நாள்தொட்டு, அவற்றை நாட்டுப்பாடல்கள் என்றே வழங்குவார் பலர். அவ்வழக்குப் பொருந்துமா என ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

இப்படத்தால் இசையமைப்பாளராக அறிமுகமான இளையராஜா பிறந்த பண்ணைப்புரம், பொட்டிபுரம் அமைந்த அதே மேற்கு மலையடிவாரத்தது. போடிமெட்டு வழியே ஏலத்தோட்டங்களுக்கு ஏறிச்சென்று உழைப்போர் வாழும் நிலம் இது. 1958ஆம் ஆண்டுத் தேவிகுளம் இடைத்தேர்தலில், தமையனார் பாவலர் வரதராசன் தோட்டத் தொழிலாளரிடையே பாடிப் பரப்புரை செய்தபோது இளையராஜாவும் உடன் சென்றார். எனவே, உழைப்போர் பாட்டு அவர்க்கு ஏட்டறிவன்று, வாழ்வறிவு. ஆயினும், தன்ராஜ் மாஸ்டரிடம் அவர் மேனாட்டிசை பயின்றதும், ஜி. கே. வெங்கடேஷிடம் உதவியாளராகப் பணியாற்றியதும் மறக்கற்பாலன அல்ல. 'நாட்டுப்பாடல்' என்னும் பெயர் அப்பயிற்சியை மறைத்துவிடுகின்றது.

அத்தொகுதியுள் பஞ்சு அருணாசலம் இயற்றி எஸ். ஜானகி பாடிய, பச்சரிசி குற்றும் பாடலை எடுத்துக்கொள்வோம். இது தமிழில் வள்ளைப்பாட்டு எனப்படும் தொன்மரபினது. குறிஞ்சிக்கலியுள் தலைவியும் தோழியும் சந்தன உரலில் தினையிட்டு, யானைக்கோட்டு உலக்கையாற் குற்றிப் பாடுகின்றனர். ஒருத்தி தலைவனைப் பழிக்க, மற்றொருத்தி புகழ்கின்றாள். இளங்கோவடிகள் வாழ்த்துக் காதையில் வள்ளைப்பாட்டை வேந்தர் வாழ்த்தாக்கினார். மாணிக்கவாசகர் சுண்ணம் இடிக்கும் பாட்டைத் திருப்பொற்சுண்ணமாக்கினார். இவற்றை நாம் மலைமகளிர் பாட்டென்றோ இடிப்போர் பாட்டென்றோ கூறுவதில்லை. அவ்வப் புலவர் படைப்பென்றே போற்றுகின்றோம். அதே முறைமை இசைத்தட்டிற்கும் உரியதாதல் வேண்டும்.

இனி, இரண்டற்கும் உள்ள வேற்றுமை நோக்குவோம். உரற்பாட்டின் அளவை வரையறுப்பது வேலையே. தானியம் தீருமளவும் அடிகள் நீளும், பாடுவோர் மாறுவர், சொற்களும் மாறும். இசைத்தட்டுப் பாடலோ சில நிமிடத்துள் முடிவது. என்றும் ஒரே சொல்லும் ஒரே குரலும் உடையது. அங்கு உலக்கை தாளத்தைத் தரும். இங்குக் கருவிகள் உலக்கையை நினைவூட்டும். கலித்தொகையில் இருகுரல் எதிரெதிர் நின்று வாதிடும் சுவை, ஒரு குரலே முதன்மை பெறும் இத்தட்டில் இல்லை. அதற்கு ஈடாக, வேலையின் ஓசையே கதைத்தலைவியின் உள்ளத்திற்கு அடித்தளமாகும் புதுநயம் வாய்த்துள்ளது. இக்குறையும் நிறையும் படைப்பாளனுடையன. ஊரார் மேல் ஏற்றற்குரியன அல்ல.

இப்பெயராராய்ச்சி வெறுஞ் சொற்பூசலன்று. இசைத்தட்டே நாட்டுப்பாடல் எனக் கொள்ளின், மலைச்சரிவில் களை எடுத்தும் ஏலக்காய் பறித்தும் பாடிய மகளிர் பாட்டுகள் முன்னரே தொகுக்கப்பட்டன என்னும் மயக்கம் தோன்றும். அரவை ஆலை வந்தபின் உரலடி ஓய்ந்தது. அதன் பாட்டு முதியோர் நினைவில் மட்டுமே எஞ்சும். ஆதலின், இசைத்தட்டைக் கலைப்படைப்பாகவே திறனாய்க. பாட்டைப் பாடுவோரிடமே சென்று கேட்டுப் பதிக. முன்னையது காத்திருக்கும், பின்னையது காத்திராது. ஆய்வு மாணவர் முதற்கண் மேற்கொள்ளத்தக்கது யாது என்பது இதனாற் பெறப்படும்.